பத்தேரி எதிர் ஹரியானா அரசு

ஜஜ்ஜர் கோர்ட்டு வராந்தாவில்
டவாலி என் பெயரை மூன்று முறை கூவுகிறான்.
எங்கள் பேச்சில் அதற்குப் ‘போதும்’ என்று பொருள்.
ஐந்தாவதும் பெண்ணாகப் போனதில்
என் அப்பா கடவுளுக்குப் போட்ட மனு அது.
தள்ளுபடி.
எனக்குப் பின்னும் இரண்டு தங்கைகள்.

போதும் வந்திருக்கிறேன், ஐயா,
போதாது என்று சொல்ல.

மூன்றரை கில்லா. வாய்க்காலின் தலைமடை.
பனி விலகினால் ஒரு பக்கம் கடுகு, மறுபக்கம் கோதுமை.
அரசிதழில் ஒற்றை வரி:
செவ்வகம் 41, கில்லா 7, 8, 13, 14/1.
பொதுநோக்கம்: ஆறுவழிச் சாலை.
ஏக்கருக்குப் பன்னிரண்டு லட்சம் என்றார் கலெக்டர்.
சாலைக்கு அந்தப் பக்கம் பில்டரின் பலகையில்
ஒரு கஜம் இருபதாயிரம்.
ஏக்கருக்கு நாலாயிரத்து எண்ணூற்று நாற்பது கஜம்.
பெருக்கிப் பார்த்த மருமகள்
கால்குலேட்டரைத் துடைத்துவிட்டு
மறுபடி பெருக்கினாள்.

கேளாமல் எடுத்ததற்கு ஆறுதல் தொகை உண்டாம்,
முப்பது சதவீதம்.
என் வீட்டுக்காரர் செத்தபோது வந்து
தோளைத் தொட்டவர்கள்
எத்தனை சதவீதம் கொடுத்தார்கள் என்று
அன்றிலிருந்து கணக்குப் போடுகிறேன்.

நாற்பத்தோரு வாய்தா.
மூன்று நீதிபதிகள்.
சாலை மட்டும் யாருக்காகவும் காத்திருக்கவில்லை.
இன்றைய வாய்தாவுக்கே
என் வயலின் மேல் பஸ்ஸில்தான் வந்தேன்.
ஒரு தும்மல் தும்மி நிமிர்வதற்குள்
மூன்றரை கில்லாவும் முடிந்துவிட்டது.

அரசு வக்கீல் ஒரு காகிதத்தைத் தூக்கிப் பிடிக்கிறார்.
சான்றாவணம் ஆர்-4.
கொழுந்தன் மாங்கே ராமிடம் நான் 14/1-ஐ வாங்கிய கிரயப் பத்திரம்.
அரை ஏக்கர். விலை ஐந்து லட்சம்.
“இது உங்கள் கைநாட்டுத்தானே?”
ஆமாம்.
“இந்த விலைக்குத்தானே வாங்கினீர்கள்?”

பத்திர எழுத்தர் அன்று கேட்டது ஞாபகம் வந்தது:
எவ்வளவு போடட்டும், அண்ணி?
மீதி ஒன்பது லட்சத்தை
ராத்திரி கட்டிலில் துப்பட்டா விரித்து எண்ணினோம்,
எருமை மட்டும் பார்த்துக்கொண்டிருந்தது.

எனக்குப் பின்னால் பெஞ்சில் இருபத்தெட்டு மனுதாரர்கள்.
ஒருவரும் இருமவில்லை.
எல்லார் வீட்டுப் பெட்டியிலும்
இதே மாதிரி ஒரு பத்திரம் இருக்கிறது.
ஆமாம் என்றால் ஊர் நிலம் மொத்தமும் மலிவு.
இல்லை என்றால் நான் திருடி.
எங்கள் வக்கீல் தஹியா மூக்குக்கண்ணாடியைத் துடைத்தார்,
துடைத்துக்கொண்டே இருந்தார்.

“விரல் என்னுடையது. விலை பொய்.
ஸ்டாம்புக் காசை மிச்சம்பிடிக்க எழுதினோம்.
அபராதத்தை என் மேல் போடுங்கள்,
நிலத்தின் மேல் போடாதீர்கள்.”

சுருக்கெழுத்துக்காரி கேட்டாள்:
“‘பொய்’ என்றே அடிக்கவா, சார்?”
நீதிபதி அப்போதுதான் முதல்முறையாக நிமிர்ந்தார்.
“அடிம்மா.”

மாங்கே ராம் அன்றோடு பேச்சை நிறுத்தினான்.
திரும்பும் பஸ்ஸில் இரண்டு சீட் முன்னால்
அவன் தலைப்பாகை மட்டும் குலுங்கியது.
ஆனால் எனக்கும் சேர்த்து டிக்கெட் எடுத்திருந்தான்.

பதினோரு மாதம் கழித்துத் தீர்ப்பு.
ஆர்-4 நம்பத்தக்கதல்ல.
ஏக்கருக்கு இருபத்தேழு லட்சம்.
அதில் சாலை, சாக்கடை போடும் செலவுக்கு
மூன்றில் ஒரு பங்கு கழிவு.
சாலை போடத்தானே எடுத்தார்கள் என்று
தஹியாவிடம் கேட்டேன்.
அது சட்டம், அண்ணி என்றார்.
மிச்சம் பதினெட்டு.
அதையும் எதிர்த்து அரசு சண்டிகர் போயிருக்கிறது.

போன வாரம் தபாலில் இன்னொரு நோட்டீஸ்,
முத்திரைத் தீர்வை அலுவலகத்திலிருந்து:
கில்லா 14/1, அரை ஏக்கர்,
அன்றைய உண்மை மதிப்பு பதினாலு லட்சம்.
குறைத்துக் காட்டியதற்கான தீர்வையும் அபராதமும்
முப்பது நாளுக்குள் கட்டவும்.
கீழே அதே அரசின் முத்திரை.

மறுநாளே கட்டிவிட்டேன்.
ரசீதையும் நோட்டீஸையும்
பஸ் ஸ்டாண்டு கடையில் லேமினேட் செய்து
சண்டிகர் வக்கீலுக்கு அனுப்பியிருக்கிறேன்.
என்ன நம்பர் போடுவார்களோ, தெரியவில்லை.